குடியிருந்ததற்கு என்ன அத்தாட்சி?



நம்ம ஊருக்குப் பெருமை எது என்று கேட்டால் உத்திரமேரூர்க்காரர் எவரும் யோசிக்காமல் சொல்லுவார், குடவோலை என்று. வைகுண்டப் பெருமாள் கோயில் மண்டபச் சுவரில் பராந்தக சோழன் காலத்தில், கி.பி. 919-லும் 921-லும் வெட்டிய கல்வெட்டுகள். முப்பது குடும்பு, ஓலையில் பெயர், குடத்தில் போட்டுக் குலுக்கல், சின்னப் பையனை விட்டு எடுக்கச் சொல்வது... இதெல்லாம் நமக்கு மனப்பாடம். பஸ் பஸ்ஸாக வந்து பார்த்துவிட்டுப் போகிறார்கள்.

ஆனால் அந்தக் கல்லில் நிறைய இடம் பிடித்திருப்பது குலுக்கல் அல்ல, தகுதி! யார் பெயர் குடத்துக்குள் போகலாம், யார் பெயர் போகக்கூடாது என்ற விவரம். வரி கட்டும் நிலம் கால் வேலிக்கு மேல் இருக்கணும் (இன்றைய கணக்கில் ஒன்றரை ஏக்கருக்கும் கூடுதல்). 35 வயதுக்கு மேல், 70 வயதுக்குள் இருக்கணும். வேதம் தெரிந்திருக்கணும். இன்னொன்றும் உண்டு. சொந்த மனையில் கட்டிய வீட்டில் குடியிருக்கணும். சொந்த மனை இல்லாதவன் பெயரை ஓலையில் எழுதுவதற்கே வழியில்லை. அந்தக் காலத்து ஆள் ஒருவன் ஏரிக்கரையில் குடிசை போட்டு இருந்திருந்தால் அவனைப் பற்றி அந்தக் கல்லுக்கு ஒன்றும் தெரியாது.

ஆயிரத்து நூறு வருஷம் ஆச்சு. "உன் மனை எது? அதற்கு அத்தாட்சி எங்கே?" என்ற கேள்வி மட்டும் மாறவில்லை. இப்போது அது ஊர்ப் பதவிக்காகக் கேட்கப்படுவதில்லை. குடிசையை இடித்துவிட்டு மாற்று வீடு கொடுக்கிற திட்டங்களில், அந்த ஒற்றைப் படுக்கையறை வீட்டுக்காகக் கேட்கப்படுகிறது. அதைப் பற்றித்தான் இந்தக் கட்டுரை. "குடிசை மாற்றுன்னா மெட்ராஸ் சமாச்சாரம், நமக்கு என்னப்பா?" என்று பக்கத்தைப் புரட்டப் போகிறவர்கள் கொஞ்சம் நில்லுங்கள். மெட்ராஸ் கால்வாய்க் கரையில் இருப்பது யார்? நம்ம ஆட்கள்தானே!

எங்க சின்னம்மாவையே எடுத்துக்கொள்கிறேன். எங்கள் கிராமத்தில் ஏரிப் புறம்போக்கில் ஒரு கூரை வீடு அவர்களுக்கு. சேர்ந்தாற்போல் ஏரி நிரம்பாத வருஷங்களில் நடவு வேலை, அறுப்பு வேலை இரண்டும் போச்சு. சித்தப்பா சென்ட்ரிங் வேலைக்குச் சென்னைக்குப் போனார். பின்னாலேயே சின்னம்மாவும் இரண்டு பிள்ளைகளோடு போனார். ஒரு கால்வாய்க் கரையில் முதலில் வாடகைக் குடிசை, பிறகு சீட்டுப் பணம் எடுத்துச் சொந்தமாக ஒன்று. ரேஷன் கார்டு மட்டும் ஊரிலேயே இருந்தது. ஏன்னா, பாட்டிக்கு அரிசி வாங்கணும். ஓட்டும் ஊரிலேயே இருந்தது. ஒவ்வொரு தேர்தலுக்கும் கூட்டம் பிதுங்குகிற பஸ்ஸில் தொங்கிக்கொண்டு வந்து ஓட்டுப் போட்டுவிட்டுப் போவார்கள். ஜனநாயகக் கடமை என்று நாம் மேடையில் பேசுகிறோமே, அதை ஒழுங்காகச் செய்தவர்கள்.

ஒருநாள் கணக்கெடுக்க வந்தார்கள். பகல் பதினொரு மணி. சின்னம்மா வீட்டு வேலைக்குப் போயிருக்கிறார், சித்தப்பா சாரத்தின் மேல் இருக்கிறார், பிள்ளைகள் பள்ளிக்கூடத்தில். கதவில் சாக்பீஸால் "பூட்டு" என்று எழுதிவிட்டுப் போய்விட்டார்கள். அடுத்த முறை வந்தபோது சின்னம்மா லீவு போட்டுக் காத்திருந்து ரேஷன் கார்டை நீட்டினார். அதில் இருப்பது கிராமத்து முகவரி. வாக்காளர் அட்டையிலும் அதுவே. "நீங்க வெளியூரும்மா" என்று சொல்லிவிட்டார்கள். பத்து வருஷத்துக்கு மேல் அந்தக் கரையில் இருந்தவருக்கு அந்தப் பதில்!

சரி, ஊரிலாவது கணக்கு உண்டா? ஊரில் வீடு கட்டிக் கொடுக்கும் திட்டத்துக்குப் பட்டியல் எடுத்தபோது, "குடிசை பூட்டியே கிடக்குது, அவங்க மெட்ராஸ்ல இல்ல இருக்காங்க" என்றார்கள். அதுவும் உண்மைதான். குடியிருந்தாலும் பிரயோஜனம் இல்லை, ஏன்னா ஏரிப் புறம்போக்குக்குப் பட்டா கிடையாது. பட்டா இல்லாமல் வீடு கிடையாது. எங்க தெருவில் முதலில் டிப்ளமோ சேர்ந்தவர் என்ற முறையில் இரண்டு ஊருக்கும் மனு எழுதியது அடியேன்தான். நகரத்துக்கு எழுதும்போது "நாங்கள் இங்குதான் வசிக்கிறோம்" என்று எழுதணும். கிராமத்துக்கு எழுதும்போதும் அதே வாக்கியம். ஒரே குடும்பம், ஒரே கையெழுத்து. இரண்டு அலுவலகமும் "நீங்கள் அங்கே" என்று கை காட்டின. காகிதம் உத்திரமேரூரில், உடம்பு சென்னையில். திட்டம் எதைப் பார்க்கிறது என்றால், காகிதத்தை!

இது ஏதோ ஒரு குடும்பத்தின் கெட்ட நேரம் என்று நினைக்க வேண்டாம். நூலகத்தில் தேடிப் படித்த ஒரு வழக்கைச் சொல்கிறேன். சேலத்துப் பக்கம் நிலமில்லாத கூலி ஒருவர், பஞ்சத்தில் வேலையில்லாமல் 1961-ல் பம்பாய் போனார். தஹிசரில் ஒரு ரசாயனக் கம்பெனியில் தினக்கூலி. நெடுஞ்சாலை ஓரத்து நடைபாதையில் பிளாஸ்டிக் ஷீட்டும் கான்வாஸும் போட்ட ஒரு மறைப்புக்கு, அந்த ஏரியா தாதா ஒருவன் அவரிடம் 2,500 ரூபாய் பிடுங்கினான். இருபது வருஷம் கழித்து, 1981 ஜூலையில், நடைபாதைக் குடிசைகளை இடித்து ஜனங்களைச் சொந்த ஊருக்கு அனுப்பிவிடப் போவதாக அப்போதைய மகாராஷ்டிர முதல்வர் அந்துலே அறிவித்தார். அந்த மாதமே சேலத்துக்காரர் குடும்பத்தோடு பஸ்ஸில் ஏற்றப்பட்டார். போன இடத்தில் வேலை இல்லை. திரும்பவும் பம்பாய்க்கே வந்தார். பத்திரிகையாளர் ஓல்கா டெல்லிஸ் பெயரில் அறியப்படுகிற அந்தப் புகழ்பெற்ற வழக்கில் இவரும் ஒரு மனுதாரர்.

உச்ச நீதிமன்றம் 1985 ஜூலையில் தீர்ப்புச் சொன்னது. பிழைப்பைப் பறிப்பது உயிர்வாழும் உரிமையைப் பறிப்பதுதான் என்று ஐந்து நீதிபதிகள் ஒத்துக்கொண்டார்கள். அரசியலமைப்பு 21-வது பிரிவைப் பற்றி யார் பேசினாலும் இந்தத் தீர்ப்பைச் சொல்லாமல் இருக்க மாட்டார்கள். ஆனால் கடைசிப் பக்கத்தைப் பாருங்கள்! நடைபாதையை ஆக்கிரமிக்க யாருக்கும் உரிமை இல்லை, உரிய முறையில் நோட்டீஸ் கொடுத்து அப்புறப்படுத்தலாம், 1976 கணக்கெடுப்பில் பதிவானவர்களுக்கு மட்டும் மாற்று இடம் கொடுக்கணும் என்று முடிகிறது. அதையும் கொடுத்த பிறகுதான் அகற்றணும் என்ற கட்டாயம் இல்லையாம். உரிமை எல்லோருக்கும், மாற்று இடம் அட்டை வைத்திருப்பவனுக்கு. 1976-ல் கணக்கெடுக்க வந்த நாளில் வேலைக்குப் போயிருந்தவன் என்ன ஆனான் என்று தீர்ப்பில் இல்லை.

அன்று ஆரம்பித்த தேதி விளையாட்டு இன்றுவரை முடியவில்லை. மகாராஷ்டிரத்தில் முதலில் 1976. பிறகு 1995-ல் குடிசை மறுவாழ்வு ஆணையம் வந்தபோது 1995 ஜனவரி 1. அதற்கப்புறம் 2000 ஜனவரி 1. பிறகு 2011 வரை வந்தவர்கள் பணம் கட்டினால் வீடு, அதற்கு 2023-ல் நிர்ணயித்த தொகை இரண்டரை லட்சம். தேர்தல் நெருங்க நெருங்கத் தேதி நகருகிற மாதிரி எனக்குத் தோன்றுகிறது. தேதி நகர்ந்தால் நல்லதுதானே என்பீர்கள். நல்லதுதான். ஆனால் தேதி நகரும்போது பழைய காகிதத்தின் விலை ஏறுகிறது. அந்தத் தேதிக்கு முந்தைய வாக்காளர் பட்டியலில் பேர் இருக்கணும், ரேஷன் கார்டு இருக்கணும், கரண்டு பில் இருக்கணும். இடுப்பளவு வெள்ளத்தில் டிரங்குப் பெட்டி மிதந்துபோன வீட்டில் இருபது வருஷத்துக்கு முந்தைய கரண்டு பில்லை எங்கே தேடுவது?

தாராவியைப் பற்றிச் சொல்லாமல் இருக்க முடியாது. திருநெல்வேலிப் பக்கத்திலிருந்து போனவர்கள், வட ஆற்காட்டிலிருந்து தோல் பதனிடப் போனவர்கள் என்று தலைமுறை தலைமுறையாகத் தமிழர் வாழுகிற இடம். அந்த மறுசீரமைப்பை 2022 நவம்பரில் ஏலத்தில் எடுத்தது அதானி குழுமம். கூட்டுக் கம்பெனியில் அவர்களுக்கு 80 சதம், மாநில அரசுக்கு 20 சதம். 2024 மார்ச்சில் வீடு வீடாகக் கணக்கெடுப்பு தொடங்கியது. அங்கே ஜனங்களை எப்படிப் பிரித்திருக்கிறார்கள் தெரியுமா? 2000 ஜனவரி 1-க்கு முன் வந்து தரைத்தளத்தில் இருப்பவருக்குத் தாராவிக்குள்ளேயே 350 சதுர அடி, இலவசம். 2000-க்கும் 2011-க்கும் இடையில் வந்தவருக்குத் தாராவிக்கு வெளியே 300 சதுர அடி, இரண்டரை லட்சம் கட்டணும். அதற்குப் பிறகு 2022 நவம்பர் 15 வரை வந்தவருக்கு வெளியே வாடகை வீடு, தவணையில் வேண்டுமானால் சொந்தமாக்கிக்கொள்ளலாம். மேல்தளத்தில் இருப்பவருக்கும் அதே மாதிரிதான்.

மேல்தளம் என்றால் நம்ம ஊர் மாடி வீடு இல்லை. கீழே ஒரு பத்துக்குப் பத்து ரூம், வெளியில் சாய்த்துவைத்த இரும்பு ஏணி, மேலே இன்னொரு குடும்பம். ஏணிக்குக் கீழே இருப்பவர் ஊர்க்காரர், ஏணிக்கு மேலே இருப்பவர் வந்தேறி! முப்பது வருஷம் மேலே இருந்தாலும் சரி. ஒரு சுவர் எத்தனை டன் தாங்கும் என்று கணக்குப் போடப் படிக்கிறோம். ஓர் ஏணி ஒரு குடும்பத்தின் உரிமையைப் பாதியாக்கும் என்ற கணக்கு எந்தப் பாடப்புத்தகத்திலும் இல்லை.

சென்னையில் தேதி விளையாட்டு இந்த அளவுக்கு இல்லை, வேறு மாதிரி. தமிழ்நாடு குடிசை மாற்று வாரியம் 1970-ல் கலைஞர் ஆட்சியில் வந்தது. சட்டம் 1971. இந்தியாவுக்கே முன்னோடி என்று சொல்லலாம், அந்தப் பெருமை நமக்கு உண்டு. அந்தச் சட்டப்படி ஒரு பகுதியைக் குடிசைப்பகுதி என்று அரசு அறிவிக்கணும். அறிவித்தால்தான் அந்த ஜனங்களுக்குச் சட்டப் பாதுகாப்பு. 1971-ல் சென்னையில் அறிவித்தது 1,202 இடங்கள். 1985-ல் இன்னும் 17. அதற்கப்புறம்? ஒன்றுமில்லை! 2021-ல் வாரியத்தின் பெயரை நகர்ப்புற வாழ்விட மேம்பாட்டு வாரியம் என்று மாற்றினார்கள். இடையில் எத்தனை கரைகளில் எத்தனை தெருக்கள் முளைத்தன! அவற்றில் இருப்பவர்கள் சட்டத்தின் கண்ணுக்குத் தெரியாத குடிகள். 2000-ல் தொடங்கிக் கண்ணகி நகர், சுனாமிக்குப் பிறகு செம்மஞ்சேரி, பிறகு இருபதாயிரம் வீடுகளுக்கு மேல் கட்டிய பெரும்பாக்கம் என்று ஊருக்கு வெளியே அனுப்புகிறார்கள். 2015 வெள்ளத்துக்குப் பிறகு அடையாற்றுக் கரையிலிருந்து போனவர்கள் அதிகம். அங்கே போவது நல்லதா, வேலைக்கு அவ்வளவு தூரம் எப்படி வருவது என்பது தனிக் கட்டுரைக்கான விஷயம். எனக்கு இங்கே முக்கியம், அங்கே போகக்கூடப் பட்டியலில் பேர் வேண்டும் என்பது.

2015-ல் வந்த பிரதமர் நகர்ப்புற வீட்டுத் திட்டத்தில் இன்னொரு நிபந்தனை. இந்தியாவில் எங்குமே குடும்பத்தார் பேரில் பக்கா வீடு இருக்கக் கூடாது. கேட்க நியாயம்தான். இரண்டு வீடு எதற்கு ஒருவருக்கு? ஆனால் கிராமத்தில் எப்போதோ கொடுத்த தொகுப்பு வீடு ஒன்று அவர் பேரில் இருக்கும். மேலே காங்கிரீட் பெயர்ந்து கம்பி தெரியும், மழை வந்தால் உள்ளே குடை பிடிக்கணும். நாங்கள் செய்முறை வகுப்பில் அதைப் பார்த்தால் குடியிருக்கத் தகுதியற்ற கட்டிடம் என்று எழுதுவோம். நகரத்துப் பட்டியலில் அதற்குப் பேர் பக்கா வீடு!

இங்கே ஒரு நண்பர் கேட்பார். "அத்தாட்சி கேட்காமல் கொடுத்தால் ஊரே வந்து நிற்காதா? புரோக்கர் பத்துக் குடிசை போட்டு வைத்து பத்து ஃபிளாட் வாங்க மாட்டானா?" வாங்குவான். அதை நான் மறுக்கவில்லை. ஆனால் ஒன்றைக் கவனியுங்கள். புரோக்கரிடம்தான் எல்லாக் காகிதமும் இருக்கும்! லாமினேஷன் போட்டு, வரிசையாக, ஃபைலில். காகிதத்தை மட்டும் நம்புகிற பரிசோதனையில் முதலில் பாஸாகிறவன் அவன். ஃபெயிலாகிறவர் வீட்டு வேலைக்குப் போயிருக்கும் சின்னம்மா.

அதுவும் போக, குடியிருந்ததற்கான அத்தாட்சி ஏழையிடம் மட்டும்தானா இருக்கிறது? பிள்ளை சேர்ந்த மாநகராட்சிப் பள்ளிப் பதிவேட்டில் முகவரி இருக்கிறது. பிரசவம் பார்த்த அரசு ஆஸ்பத்திரியில் இருக்கிறது. மின் இணைப்பு இருந்தால் மின்வாரியத்தில் இருக்கிறது. புறம்போக்கில் குடியிருந்தால் 1905-ம் வருஷ ஆக்கிரமிப்புச் சட்டப்படி பி-மெமோ போட்டு அபராதம் வசூலிப்பார்கள், அது வருவாய்த்துறைக் கணக்கில் இருக்கிறது. இந்த பி-மெமோ ரசீதைப் பார்த்திருக்கிறீர்களா? "நீ இங்கே சட்டவிரோதமாக இருக்கிறாய்" என்று அரசே எழுதிக் கொடுக்கிற சீட்டு. அதைத்தான் நம்ம ஜனங்கள் தகரப் பெட்டியில் பத்திரமாக வைத்திருக்கிறார்கள். ஏன்னா, "இங்கே இருக்கிறாய்" என்று அரசு எழுதிக் கொடுத்த ஒரே சீட்டு அதுதான்! அபராதம் வசூலிக்க ஆளைக் கண்டுபிடிக்கத் தெரிந்த அரசாங்கத்துக்கு, வீடு கொடுக்கும்போது மட்டும் ஆள் அடையாளம் தெரியவில்லையா? தன் பீரோவில் இருக்கிற பதிவேட்டைத் தானே திறந்து பார்க்க வேண்டியது அதன் வேலை. கூலிக்காரரை ஒரு நாள் சம்பளத்தை விட்டுவிட்டு எட்டு அலுவலகம் ஏறி இறங்கச் சொல்வது நியாயம் இல்லை.

"வாய்வார்த்தையை எப்படி அத்தாட்சியாக எடுக்கிறது?" என்ற கேள்விக்கும் நம் நாட்டுச் சட்டத்திலேயே பதில் இருக்கிறது. 2006-ல் வந்த வன உரிமைச் சட்டம். காட்டில் குடியிருக்கும் மக்கள் தங்கள் உரிமையை நிரூபிக்க என்னென்ன காட்டலாம் என்று அதன் விதிகளில் ஒரு பட்டியல் உண்டு. அரசு ஆவணங்களோடு, அங்கே நிற்கிற வீடு, வரப்பு மாதிரி கண்ணால் பார்க்கக்கூடியவையும் சேர்த்தி. மனு கொடுத்தவர் அல்லாத ஊர்ப் பெரியவர் சொல்வதை எழுதி வாங்கினால் அதுவும் அத்தாட்சி! முதலில் கிராம சபையில் வைத்துப் பேசுவார்கள். காட்டுக்குள் செல்லுகிற சாட்சி, கால்வாய்க் கரையில் ஏன் செல்லாது? பட்டியலைத் தெருவிலேயே, வேலை முடிந்து வருகிற ராத்திரி ஏழு மணிக்கு மேல், பேர் பேராகச் சத்தமாக வாசியுங்கள். யார் பத்து வருஷமாக இருக்கிறார், யார் போன மாதம் பூட்டுப் போட்டுவிட்டுப் போன புரோக்கர் என்று தண்ணீர்க் குழாயடியில் நிற்கிற எந்த அம்மாவும் சொல்லிவிடுவார். பயந்து சொல்லாமல் விடுவார்கள், வேண்டாதவர் பேரை விடுவார்கள் என்பதும் உண்டுதான். அதற்காகவே பதிவேடும் வேண்டும், தெருவும் வேண்டும் என்கிறேன். இரண்டும் ஒத்துப் போகாத இடத்தில் மட்டும் அந்தக் குடும்பத்தை மேலே விசாரியுங்கள், யார் வேண்டாம் என்றார்கள்?

இனி நம்ம விஷயத்துக்கு வருகிறேன். சிவில் படிக்கிற நாம் வெளியே போனதும் கிடைக்கிற முதல் வேலைகளில் ஒன்று சர்வே. நம் சீனியர்கள் பலர் கான்ட்ராக்டில் அதற்குத்தான் போகிறார்கள். டோட்டல் ஸ்டேஷனோ, கையில் ஒரு டேப்லெட்டோ. அதாவது அந்தக் கதவில் "பூட்டு" என்று எழுதப் போகிற கை வேறு யாருடையதும் இல்லை, நம்முடையது! ஒரு நாளைக்கு இத்தனை வீடு முடிக்கணும் என்று சூப்பர்வைசர் விரட்டுவார். அந்த அவசரத்தில் ஒரு வினாடியில் எழுதுகிற ஒரு வார்த்தையை அழிக்க ஒரு குடும்பம் வருஷக்கணக்கில் அலைகிறது. சங்கிலி இழுக்கும்போது ஒரு லிங்க் தப்பினால் ஃபீல்டு புக்கில் அடித்துத் திருத்துகிறோமே, குடும்பத்தைத் தப்பவிட்டால் திருத்த எந்தப் பக்கம் இருக்கிறது? பூட்டியிருந்தால் பக்கத்து வீட்டில் கேளுங்கள், எத்தனை பேர், எங்கே வேலை என்று குறிப்புப் பகுதியில் எழுதுங்கள். ஏணி இருந்தால் ஏறிப் பாருங்கள். "வெளியூர்" என்று எழுதும் முன், எத்தனை வருஷமாக இங்கே என்று ஒரு வார்த்தை. இதற்கு யாருடைய உத்தரவும் தேவையில்லை.

நம்ம மாணவர் சங்கத்துக்கும் ஒரு வேண்டுகோள். வருஷா வருஷம் என்.எஸ்.எஸ். முகாமில் கோயில் குளத்தைச் சுத்தம் செய்கிறோம், மரக்கன்று நடுகிறோம். இந்த வருஷ முகாமில் மூன்று நாளை எடுத்து, சுற்றுக் கிராமங்களில் வெளியூர் வேலைக்குப் போன குடும்பங்களின் காகிதங்களைச் சேர்த்துக் கொடுத்தால் என்ன? பி-மெமோ, பிள்ளைகளின் மாற்றுச் சான்றிதழ், கேஸ் புத்தகம், மின் ரசீது, கூலி அட்டை, எது இருக்கோ அது. தேதி வாரியாக அடுக்கி, இரண்டு செட் நகல். ஒன்று ஊரில் பாட்டியிடம், ஒன்று சென்னையில் அவர்களிடம். பொங்கலுக்கு எல்லோரும் ஊருக்கு வருவார்கள், அப்போது வைத்துக்கொண்டால் ஆளும் கிடைப்பார்கள், காகிதமும் கிடைக்கும். எங்க தெருவில் நானே ஆரம்பித்துவிட்டேன், இதுவரை பதினோரு வீடு ஆச்சு. ஜெராக்ஸ் செலவை மட்டும் சங்கம் ஏற்றுக்கொள்ளணும், பொருளாளர் அண்ணன் கவனிக்க!